ஒரு டின் எண்ணெய்

மும்பையில் தாராவி என்று ஒரு பகுதி இருக்கிறது. சந்துகள் குறுகலானவை. வீடுகள் நெருக்கமானவை. அங்கே திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த குடும்பங்கள் பல உள்ளன. முறுக்கு சுட்டு விற்பது அவர்களில் பலருக்குத் தொழில்.

அந்தச் சந்தில் எல்லோரும் முறுக்கு அக்கா என்று அழைக்கும் ஒருவர் இருக்கிறார். விடியற்காலை நான்கு மணிக்கு அவர் வீட்டில் அடுப்பு எரியும். அவருக்கு உதவியாக இன்னொரு பெண் வேலை செய்கிறார். அவர் மராட்டிக்காரர். லாத்தூர் பக்கத்துக் கிராமம். அவரை எல்லோரும் 'தாயி' என்பார்கள். மராட்டியில் தாயி என்றால் அக்கா.

அக்கா முறுக்கு பிழிவார். தாயி எண்ணெயில் திருப்பிப் போட்டு அரித்து எடுப்பார். ஒரே அடுப்பின் முன்னால் இருவரும் பல வருடங்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். 2024-ஆம் ஆண்டு தீபாவளிக்கு முன்பு, அந்த அடுப்பின் முன்னால் ஒரு பேச்சு வந்தது. அந்தப் பேச்சைத்தான் இந்தப் பாடத்தில் படிக்கப் போகிறோம்.

விலை ஏறியது ஏன்?

தீபாவளி நெருங்கிவிட்டது. முறுக்குக்கு நிறைய ஆர்டர். அக்கா மளிகைக் கடைக்குப் போனார்.

"அண்ணாச்சி, ஒரு டின் பாமாயில் போடுங்க."

"தங்கச்சி, டின்னுக்கு முந்நூறு ரூபாய் கூடிட்டு."

"என்ன அண்ணாச்சி இது? போன மாசம்தானே வாங்கினேன்?"

"நான் என்ன செய்ய? அரசாங்கம் வரியைக் கூட்டிட்டு. பேப்பரில் போட்டிருந்தானே, பார்க்கலையா?"

அண்ணாச்சி ஒரு பழைய செய்தித்தாளை எடுத்துக் கொடுத்தார். அக்கா எழுத்துக் கூட்டி வாசித்தார். "எண்ணெய் இறக்குமதி வரி உயர்வு." வாசிக்க முடிந்தது. ஆனால் பொருள் முழுவதும் விளங்கவில்லை. தாளை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வீட்டுக்கு வந்தார்.

இரண்டு நாளைக்கு ஒரு டின் என்றால், மாதத்துக்கு 15 டின். டின்னுக்கு 300 ரூபாய் என்றால், மாதத்துக்கு 4,500 ரூபாய். அது அவருடைய மகளின் படிப்புச் செலவு. முறுக்கின் விலையைக் கூட்டினால் கடைக்காரர்கள் வேறு வீட்டில் வாங்குவார்கள். கூட்டாவிட்டால் கையில் ஒன்றும் மிஞ்சாது.

நம் எண்ணெய் எங்கிருந்து வருகிறது?

நாம் சமைக்கும் எண்ணெயில் பாதிக்கு மேல் வெளிநாட்டிலிருந்து வருகிறது. ஒரு வருடத்துக்கு ஏறத்தாழ 160 லட்சம் டன் வருகிறது. இதற்கு நம் நாடு ஒரு லட்சம் கோடி ரூபாய்க்கு மேல் கொடுக்கிறது.

பாமாயில் இந்தோனேசியாவிலிருந்தும் மலேசியாவிலிருந்தும் வருகிறது. சோயா எண்ணெய் அர்ஜென்டினா, பிரேசில் நாடுகளிலிருந்து வருகிறது. சூரியகாந்தி எண்ணெய் ரஷ்யா, உக்ரைன் நாடுகளிலிருந்து வருகிறது. எல்லாம் கப்பலில் வந்து துறைமுகத்தில் இறங்கும்.

துறைமுகத்தில் அரசாங்கம் வரி வாங்கும். அதற்குச் சுங்க வரி என்று பெயர். இறக்குமதி வரி என்றும் சொல்வார்கள்.

2021, 2022-ஆம் ஆண்டுகளில் உலகம் முழுவதும் எண்ணெய் விலை ஏறியது. மக்கள் கஷ்டப்பட்டார்கள். அப்போது அரசாங்கம் வரியைக் குறைத்தது. சுத்திகரிக்காத கச்சா எண்ணெய்க்கு வரி நூற்றுக்கு ஐந்தரை ரூபாய் ஆனது.

2024 செப்டம்பர் 14 முதல் அந்த வரி நூற்றுக்கு இருபத்தேழரை ரூபாய் ஆனது. சுத்திகரித்த எண்ணெய்க்கு 35 ரூபாய் 75 காசு ஆனது.

கணக்குப் போட்டுப் பார்ப்போம்

ஒரு கிலோ கச்சா எண்ணெய் துறைமுகத்தில் 100 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம்.

பழைய வரியோடு: 100 + 5.50 = 105 ரூபாய் 50 காசு.
புதிய வரியோடு: 100 + 27.50 = 127 ரூபாய் 50 காசு.
கிலோவுக்குக் கூடியது: 22 ரூபாய்.
15 கிலோ டின்னுக்குக் கூடியது: 22 x 15 = 330 ரூபாய்.

அண்ணாச்சி சொன்ன 300 ரூபாய் இதற்குப் பக்கத்தில் வருகிறது. ஆனால் வரி மட்டுமே காரணம் அல்ல. அந்த மாதங்களில் உலகச் சந்தையிலும் பாமாயில் விலை ஏறியது. இந்தோனேசியா தன் பாமாயிலில் ஒரு பங்கை டீசலில் கலக்கிறது. அதனால் வெளியே விற்பதற்கு வரும் எண்ணெய் குறைகிறது.

இன்னொன்றும் நடந்தது. வரி கூடியபோது, பழைய வரியில் வந்த எண்ணெய் ஏறத்தாழ 30 லட்சம் டன் கையிருப்பில் இருந்தது. அது 45 நாள் முதல் 50 நாள் வரை போதும். அது தீரும்வரை விலையைக் கூட்ட வேண்டாம் என்று அரசாங்கம் கம்பெனிகளைக் கேட்டுக்கொண்டது. ஆனாலும் கடைகளில் விலை உடனே ஏறத் தொடங்கிவிட்டது. பழைய விலையில் வாங்கிய எண்ணெயும் புதிய விலைக்குப் போனது.

உள்நாட்டு எண்ணெய் விலையும் ஏறுமா?

ஏறும். இதைக் கவனமாகப் பாருங்கள்.

வரி வெளிநாட்டு எண்ணெய்க்கு மட்டும்தான். ஆனால் சந்தையில் இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் விற்கின்றன. வெளிநாட்டு எண்ணெய் 127 ரூபாய்க்கு விற்கும்போது, உள்நாட்டு எண்ணெய் ஆலைக்காரர் 105 ரூபாய்க்கு விற்பாரா? அவரும் விலையைக் கூட்டுவார்.

ஆக, வாங்குகிறவர் எந்த எண்ணெய் வாங்கினாலும் கூடுதலாகக் கொடுக்கிறார். அந்தக் கூடுதல் பணம் இரண்டு இடத்துக்குப் போகிறது. வெளிநாட்டு எண்ணெயில் கூடியது அரசாங்கக் கஜானாவுக்குப் போகிறது. உள்நாட்டு எண்ணெயில் கூடியது ஆலைக்கும் வியாபாரிக்கும் விவசாயிக்கும் போகிறது. யாருக்கு எவ்வளவு என்பது அவரவர் பேரம் பேசும் பலத்தைப் பொறுத்தது.

தாயி சொன்னது

அக்கா அடுப்பின் முன்னால் உட்கார்ந்து புலம்பினார்.

"யாருக்கு நல்லது செய்ய இந்த வரி? ஏழை வயிற்றில் அடிக்கவா?"

தாயி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு மெதுவாகச் சொன்னார்.

"அக்கா, என் தம்பிக்காகத்தான் வரி போட்டிருக்காங்க."

அக்கா திரும்பிப் பார்த்தார்.

தாயியின் தம்பிக்கு லாத்தூர் பக்கம் மூன்று ஏக்கர் நிலம் இருக்கிறது. மழையை நம்பி சோயா மொச்சை பயிரிடுகிறார். லாத்தூர் சோயாவுக்குப் பெயர்போன ஊர். ஜூனில் விதைத்து அக்டோபரில் அறுப்பார்கள். அந்தப் பணத்தில்தான் கடனை அடைக்க வேண்டும். தீபாவளிக்குத் துணி எடுக்க வேண்டும்.

சோயா எண்ணெய் வெளிநாட்டிலிருந்து மலிவாக வந்தால், உள்ளூர் ஆலை விவசாயியிடம் குறைந்த விலைக்கே வாங்கும். 2024-இல் அதுதான் நடந்தது. அரசாங்கம் அறிவித்த குறைந்தபட்ச ஆதரவு விலை குவிண்டாலுக்கு 4,892 ரூபாய். சந்தையில் அதற்கும் கீழே போனது. விவசாயிகள் கோபப்பட்டார்கள். அந்த ஆண்டு நவம்பர் 20-ஆம் தேதி மகாராஷ்டிரத்தில் சட்டமன்றத் தேர்தல். மராட்வாடா, விதர்பா பகுதிகளில் சோயா பயிரிடும் குடும்பங்கள் பல லட்சம். அவர்கள் ஓட்டு எல்லாக் கட்சிக்கும் வேண்டும். தேர்தலுக்கு இரண்டு மாதம் முன்பு வரி கூடியது.

"அப்படியா சேதி?" என்றார் அக்கா. "சரி, உன் தம்பிக்கு நல்ல விலை கிடைச்சா எனக்கும் சந்தோஷம்தான். கிடைச்சுதா?"

தாயி தலையை ஆட்டினார்.

"4,200 ரூபாய்க்குத்தான் கேட்டாங்களாம். 15 குவிண்டால் வித்துட்டான்."

கணக்குப் பாருங்கள். 4,892-இல் 4,200 போனால் 692. பதினைந்து குவிண்டாலுக்கு 10,380 ரூபாய் நஷ்டம்.

அக்காவுக்கு ஆச்சரியம். "நான் டின்னுக்கு முந்நூறு கூடக் கொடுக்கிறேன். உன் தம்பிக்கும் வரலை. அப்ப அந்தப் பணம் எங்கேதான் போச்சு?"

விவசாயிக்கு ஏன் வந்து சேரவில்லை?

இது நல்ல கேள்வி. சோயாவைப் பிழிந்து பார்த்தால் விடை கிடைக்கும்.

100 கிலோ சோயாவை ஆலையில் கொடுத்தால், ஏறத்தாழ 18 கிலோ எண்ணெய்தான் வரும். ஏறத்தாழ 80 கிலோ புண்ணாக்கு வரும். ஆக, சோயாவின் விலையை எண்ணெய் மட்டும் தீர்மானிப்பதில்லை. புண்ணாக்கும் தீர்மானிக்கிறது.

வரியால் எண்ணெய் கிலோவுக்கு 22 ரூபாய் ஏறியது என்று வைத்துக்கொள்வோம். 18 x 22 = 396 ரூபாய் லாபம்.
அதே நேரத்தில் புண்ணாக்கு கிலோவுக்கு 5 ரூபாய் இறங்கியது என்று வைத்துக்கொள்வோம். 80 x 5 = 400 ரூபாய் நஷ்டம்.

வந்தது போனது சரியாகிவிட்டது.

2024-இல் புண்ணாக்கு விலை இறங்கியது உண்மை. சோயாப் புண்ணாக்கு பெரும்பாலும் கோழித் தீவனத்துக்குப் போகிறது. மக்காச்சோளத்திலிருந்து எத்தனால் எடுக்கிறார்கள் அல்லவா? அதில் மிஞ்சும் சக்கையும் கோழித் தீவனம் ஆகிறது. அது மலிவு. வெளிநாட்டுச் சந்தையிலும் மற்ற நாட்டுப் புண்ணாக்கு மலிவாக இருந்தது. எனவே நம் புண்ணாக்கை வாங்க ஆள் குறைந்தது.

அரசாங்கமும் ஆதரவு விலையில் கொள்முதல் செய்தது. ஆனால் சோயாவில் ஈரம் நூற்றுக்கு 12 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது என்று விதி. அறுவடை நேரத்தில் மழை பெய்தால் ஈரம் எப்படிக் குறையும்? பிறகு நவம்பர் மாதத்தில் அதை 15 ஆக உயர்த்தினார்கள். அதற்குள் கடன்காரருக்குப் பயந்து பலர் விற்றுவிட்டார்கள்.

இதிலிருந்து ஒன்று தெரிகிறது. வரி போட்டால் வாங்குகிறவரின் செலவு நிச்சயமாகக் கூடும். ஆனால் யாருக்காக வரி போட்டார்களோ அவருக்கு அது போய்ச் சேரும் என்பது நிச்சயம் இல்லை.

வரி ஒரு வேலி

வயலுக்கு வேலி போடுகிறோம். மாடு வராமல் பயிரைக் காக்கிறது. அதுபோல நாடும் வேலி போடுகிறது. இதில் இரண்டு வகை உண்டு.

ஒன்று, வரி. பொருள் வரலாம். ஆனால் பணம் கட்ட வேண்டும்.

இரண்டு, தடை அல்லது அளவுக் கட்டுப்பாடு. பொருள் வரவே கூடாது. அல்லது அனுமதி வாங்கித்தான் வர வேண்டும். முன்பு நம் நாட்டில் ஏராளமான பொருள்களுக்கு இப்படிக் கட்டுப்பாடு இருந்தது. உலக வர்த்தக அமைப்பில் அமெரிக்கா வழக்குப் போட்டது. 1999-இல் தீர்ப்பு நமக்கு எதிராக வந்தது. 2001 ஏப்ரல் 1-இல் மீதமிருந்த 715 பொருள்களின் கட்டுப்பாடும் நீங்கியது.

ஆனாலும் கட்டுப்பாடு அடியோடு போய்விடவில்லை. 2020 ஜனவரியில் சுத்திகரித்த பாமாயிலை அனுமதி இல்லாமல் இறக்குமதி செய்யக் கூடாது என்று உத்தரவு வந்தது. அதற்குச் சில மாதம் முன்பு மலேசியப் பிரதமர் காஷ்மீரைப் பற்றிப் பேசியிருந்தார். இரு நாட்டுக்கும் மனத்தாங்கல் இருந்தது. உத்தரவு எந்த ஒரு நாட்டுக்கும் எதிரானது அல்ல என்று நம் அரசாங்கம் சொன்னது. ஆனால் அடி அதிகம் பட்டது மலேசியாவுக்குத்தான். 2021 ஜூன் இறுதியில் அந்தக் கட்டுப்பாடு நீங்கியது. நாடுகளின் சண்டையும் சமையலறைக்குள் வரும் என்பதற்கு இது ஓர் உதாரணம்.

வேலியே வேண்டாமா?

அப்படிச் சொல்லிவிட முடியாது.

1986-இல் அரசாங்கம் எண்ணெய் வித்துக்களுக்காக ஒரு தனித் திட்டம் தொடங்கியது. நல்ல விதை கொடுத்தார்கள். நல்ல விலை கிடைக்கச் செய்தார்கள். இறக்குமதியைக் குறைத்தார்கள். பத்து ஆண்டில் எண்ணெய் வித்து விளைச்சல் இரண்டு மடங்கு ஆனது. 1990-களின் தொடக்கத்தில் நம் தேவையில் பெரும்பகுதியை நாமே விளைவித்தோம். 1994-இல் பாமாயில் இறக்குமதியைத் தனியாருக்குத் திறந்துவிட்டார்கள். அடுத்த சில ஆண்டுகளில் வரியையும் படிப்படியாகக் குறைத்தார்கள். எண்ணெய் மலிவானது. ஏழை வீட்டிலும் தாளிக்கும் ஓசை கேட்டது. ஆனால் நாம் வெளிநாட்டை நம்பி வாழத் தொடங்கினோம்.

நம்பி வாழ்வதில் ஆபத்து உண்டு. 2022 பிப்ரவரியில் உக்ரைனில் போர் வந்தது. சூரியகாந்தி எண்ணெய் வரத்துத் தடைப்பட்டது. ஏப்ரல் 28 அன்று இந்தோனேசியா பாமாயில் ஏற்றுமதியை நிறுத்தியது. ஏறத்தாழ மூன்றரை வாரம் நிறுத்தி வைத்தது. தன் நாட்டு மக்களுக்கு விலை ஏறக் கூடாது என்று அவர்கள் வேலி போட்டார்கள். இங்கே நம் அடுப்பில் சூடு தெரிந்தது.

நாமும் அப்படிச் செய்திருக்கிறோம். 2023 டிசம்பரில் நம் அரசாங்கம் வெங்காய ஏற்றுமதியை நிறுத்தியது. வாங்குகிறவருக்கு விலை ஏறாமல் இருக்கவே நிறுத்தியது. ஆனால் நாசிக் பகுதி வெங்காய விவசாயிக்கு விலை விழுந்தது. 2024 மே மாதம்தான் தடை நீங்கியது. எண்ணெயில் விவசாயிக்காக வாங்குகிறவர் கொடுத்தார். வெங்காயத்தில் வாங்குகிறவருக்காக விவசாயி கொடுத்தார். வேலி எந்தப் பக்கம் போட்டாலும், யாரோ ஒருவர் அதற்கு விலை கொடுக்கிறார்.

வேறு வழி உண்டா?

விவசாயியைக் காக்க வரி ஒன்றுதான் வழி என்பதில்லை.

ஒரு வழி, விலை வித்தியாசத்தை அரசாங்கமே நேராகக் கொடுப்பது. மத்தியப் பிரதேச அரசு 2017-இல் இதைச் செய்தது. 2025-இல் சோயாவுக்கு மீண்டும் செய்தது. இதில் எண்ணெய் விலை ஏறாது. பணம் விவசாயியின் கணக்குக்குப் போகும். ஆனால் அரசாங்கத்துக்குச் செலவு அதிகம். விவசாயிக்கு ஈடு உண்டு என்று தெரிந்தால், வியாபாரி இன்னும் குறைத்துக் கேட்கும் ஆபத்தும் உண்டு.

இன்னொரு வழி, விளைச்சலைக் கூட்டுவது. நம் நாட்டில் ஓர் எக்டேருக்கு ஏறத்தாழ ஒரு டன் சோயா விளைகிறது. பிரேசிலில் மூன்று டன்னுக்கு மேல் விளைகிறது. தாயியின் தம்பி அதே நிலத்தில் இரண்டு மடங்கு விளைவித்தால், விலை கொஞ்சம் குறைந்தாலும் தாங்குவார். இதற்கு நல்ல விதை, நீர், ஆலோசனை எல்லாம் வேண்டும். இது மெதுவான வழி. தேர்தலுக்கு முன் பலன் காட்டாது.

வரி போடுவது சுலபம். ஓர் உத்தரவு போதும். செய்தி மறுநாளே வரும். வாங்குகிற கோடிக்கணக்கான பேர் ஆளுக்குக் கொஞ்சம் கொடுக்கிறார்கள். எதற்குக் கொடுக்கிறோம் என்றே பலருக்குத் தெரியாது. அதனால் கேட்பதும் இல்லை. ஆலை முதலாளிகளுக்குச் சங்கம் இருக்கிறது. அவர்கள் டில்லிக்குப் போய்ப் பேசுகிறார்கள். முறுக்கு சுடுகிறவருக்கு அப்படி ஒரு சங்கம் இல்லை.

மறுபடியும் ஒரு செய்தி

2025 மே 30. அரசாங்கம் கச்சா எண்ணெய் வரியைக் குறைத்தது. நூற்றுக்கு இருபத்தேழரை ரூபாயாக இருந்தது பதினாறரை ஆனது. சுத்திகரித்த எண்ணெய் வரியைக் குறைக்கவில்லை. இங்கேயே சுத்திகரிக்கும் ஆலைகளுக்கு வேலை வேண்டும் என்பது காரணம்.

இந்த முறை அக்கா தடங்கல் இல்லாமல் வாசித்தார்.

"தாயி, வரி குறைஞ்சிட்டு."

தாயி சிரித்தார். ஆனால் முகம் வாடியது. ஜூன் மாதம் வருகிறது. தம்பி விதைக்கப் போகிறார்.

அக்கா தாளைக் கீழே வைத்தார். "உன் தம்பிகிட்டச் சொல்லு. விற்கும்முன்னே ஆதரவு விலை என்னன்னு கேட்கச் சொல்லு. ஈரத்தைக் காயவைச்சு, கொள்முதல் மையத்தில் பேரைப் பதியச் சொல்லு. அவசரப்பட்டு வித்துடாதேன்னு சொல்லு."

"கடன்காரன் விடணுமே, அக்கா."

"அது வேற இருக்கு" என்றார் அக்கா. சிறிது நேரம் இருவரும் பேசவில்லை. பிறகு அக்கா உழக்கில் மாவை அடைத்தார். தாயி எண்ணெய் காய்ந்துவிட்டதா என்று பார்த்தார்.

நினைவில் வையுங்கள்

வரியைப் பற்றிய செய்தியைப் படித்தால் மூன்று கேள்வி கேளுங்கள்.

1. இது யாருக்காக?
2. இதற்குப் பணம் கொடுப்பது யார்?
3. அந்தப் பணம் யார் கையில் போய் நிற்கிறது?

சொல்லும் பொருளும்

இறக்குமதி – வெளிநாட்டிலிருந்து பொருளை வாங்கிக் கொண்டுவருதல்
ஏற்றுமதி – வெளிநாட்டுக்குப் பொருளை விற்று அனுப்புதல்
சுங்க வரி – நாட்டின் எல்லையில் பொருளுக்கு வாங்கும் வரி
குவிண்டால் – 100 கிலோ
கஜானா – அரசாங்கத்தின் பணப்பெட்டி
குறைந்தபட்ச ஆதரவு விலை – இதற்குக் கீழே விலை போனால், இந்த விலைக்கு வாங்குவதாக அரசாங்கம் அறிவிக்கும் விலை

பயிற்சி

1. கோடிட்ட இடத்தை நிரப்புக: 100 கிலோ சோயாவில் ஏறத்தாழ ______ கிலோ எண்ணெய் வரும்.

2. கணக்கு: அடிப்படை வரி 20 ரூபாய். செஸ் 5 ரூபாய். இரண்டையும் கூட்டி, அதில் பத்தில் ஒரு பங்கு மேல்வரி. மொத்தம் எவ்வளவு? அடிப்படை வரி 10 ரூபாய் ஆனால் மொத்தம் எவ்வளவு? பாடத்தில் உள்ள எண்களோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

3. உங்கள் வீட்டில் மாதம் எத்தனை லிட்டர் எண்ணெய் செலவாகிறது? லிட்டருக்கு 20 ரூபாய் ஏறினால் மாதம் எவ்வளவு கூடும்? எழுதிப் பாருங்கள்.

4. கலந்து பேசுங்கள்: அக்காவும் பிழைக்க வேண்டும். தாயியின் தம்பியும் பிழைக்க வேண்டும். நீங்கள் அரசாங்கமாக இருந்தால் என்ன செய்வீர்கள்? ஐந்து வரியில் எழுதுங்கள்.